விசாரணைக்கு ஒத்திகை

போன மாதம் ஹட்டனில் ஒரு பாடசாலை மண்டபத்தில், கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு தொப்பியைப் பார்த்தேன். வெள்ளைக்காரத் துரைமார் வெயிலுக்குப் போட்டுக்கொண்டு மலை ஏறும் தக்கைத் தொப்பி. விளிம்பில் துணி கிழிந்து உள்ளே இருக்கும் தக்கை தெரிந்தது. பக்கத்தில் ஓர் அட்டை: ‘அமரர் தமது நாடகங்களில் அணிந்த தொப்பி.’ சுவர் முழுக்க அவருடைய படங்கள். கழுத்தில் மப்ளர் இல்லாத படம் ஒன்றுகூட இல்லை. மேடைக்குப் பின்னால் கட்டியிருந்த துணியில் ‘இளைஞர் நாவலின் தந்தை’ என்று எழுதியிருந்தார்கள். அவருடைய நாடகத்தில் முதன்முதலாக நடித்த பெண் என்பதற்காக என்னையும் அழைத்திருந்தார்கள். எழுபதைத் தாண்டியவள், ராகலையிலிருந்து இரண்டு பஸ் மாறி, முழங்கால் வலியோடு வந்து சேர்ந்திருந்தேன். அந்தத் தொப்பி எந்த மேடையும் ஏறியதில்லை என்பது அந்த மண்டபத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். தொப்பிக்குக் கீழே கையால் எழுதிய கொப்பி ஒன்றையும் விரித்து வைத்திருந்தார்கள். அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

நாங்கள் அவரை மாஸ்டர் என்றுதான் கூப்பிடுவோம். டிக்கோயாவுக்கு மேலே இருந்த எங்கள் தோட்டத்துக்குப் பக்கத்துத் தோட்டத்தில் அவருடைய அப்பா பெரிய கிளாக்கர். ஓட்டு வீடு, முன்னால் ரோசாச் செடி, பின்னால் சமையலுக்கு ஆள். கண்டியில் விடுதியில் தங்கிப் படித்துவிட்டு, இருபத்து நான்கு வயதில் டவுன் பள்ளிக்கூடத்துக்கு ஆசிரியராக வந்தார். ஐம்பதுகளின் நடுப்பகுதி அது. வந்த ஆறாம் மாதமே கொழும்புப் பத்திரிகை ஒன்றின் வாலிபர் பகுதியில் அவருடைய முதல் தொடர்கதை வந்தது. அன்றிலிருந்து அவர் நடை மாறிவிட்டது. யாராவது பார்க்கிறார்களா என்று பார்த்துக்கொண்டே நடப்பார். பேசிக்கொண்டிருக்கும்போதே நிறுத்திவிட்டுத் தூரத்து மலையைப் பார்ப்பார். அங்கே என்ன தெரிகிறது என்று நாங்களும் திரும்பிப் பார்ப்போம். மலைதான் தெரியும்.

அவருடைய நாவல்களில் கதாநாயகனுக்கு எப்போதும் பதினாறு வயது. எந்த நாவலை எடுத்தாலும் அவன் ஒரு தடவை மலையுச்சிக்கு ஏறிச் சூரிய உதயத்தைப் பார்ப்பான், ஒரு தடவை சிறுத்தையிடமிருந்து துரையின் மகளைக் காப்பாற்றுவான், கடைசியில் மேடை ஏறிப் பேசுவான், தோட்டமே கைதட்டும். கதாநாயகிக்கு இருமல் இருக்கும். முதல் நாவலில் அவள் நிலா வெளிச்சத்தில் பாட்டுப் பாடிக்கொண்டே கொழுந்து பறிப்பாள். வெள்ளிக்கிழமை பஸ்ஸில் பத்திரிகை வரும். சனிக்கிழமை, மலை ஊற்றுத் தண்ணீர் வந்து விழும் பீலிக்கரையில், துணி துவைக்கும் பெண்களுக்கு நான் அதை வாசித்துக் காட்டுவேன். எட்டாம் வகுப்பு வரை படித்த பெண் எங்கள் லயத்து வரிசை வீடுகளில் நான் ஒருத்திதான். நிலாக் கட்டத்தை வாசித்தபோது என் பெரியம்மா துவைப்பதை நிறுத்திவிட்டு, “நெலா வெளிச்சத்துல இவுங்க அப்பாவா பெரட்டுக் கூப்புடுவாரு?” என்று கேட்டாள். பீலிக்கரையே சிரித்தது. பேர் கூப்பிட்டு வேலைக்குப் பிரிக்கும் பெரட்டு எங்களுக்கு விடிகாலையில்தான். நான் சிரிக்கவில்லை. எனக்கு அப்போது பதினெட்டு வயது. அந்தக் கதாநாயகியின் இருமல்கூட எனக்குப் பிடித்திருந்தது.

நாவல் எழுதினால் போதாது, நாடகமும் கற்பிக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. எங்கள் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் ஞாயிற்றுக்கிழமை பிற்பகல்களில் வகுப்பு. பதினைந்து இளந்தாரிகள், என்னோடு இரண்டு பெண்கள். பெண்ணை மேடையேற்றிய முதல் ஆள் என்ற பெயர் அவருக்கு வேண்டியிருந்தது, அதற்கு ஒரு பெண் வேண்டியிருந்தது. வயிற்றிலிருந்து பேசு என்பார். எதிரில் நிற்பவன் கண்ணைப் பார்த்துப் பொய் சொல்லத் தெரிந்தவன்தான் நடிகன் என்பார். ஒருவர் முன்னால் ஒருவரை நிற்க வைத்து, வீட்டில் நடந்த துக்கத்தைச் சொல்லி அழச் சொல்வார். நாங்கள் அழும்போது சட்டைப் பையிலிருந்து ஒரு சின்னக் கொப்பியை எடுத்து என்னவோ குறித்துக்கொள்வார். எங்கள் நடிப்புக்குப் புள்ளி போடுகிறார் என்றுதான் நினைத்தோம். எவ்வளவு நல்லவர்களாக இருந்திருக்கிறோம் என்று இப்போது நினைத்தால் எனக்கே எரிச்சல் வருகிறது.

என் அப்பாவுக்கு நாடகம் புதிதல்ல. தேயிலைச் செடிகளை வெட்டிவிடும் கவ்வாத்து மலையில் வேலை செய்கிற ஆள். இடது கையில் கவ்வாத்துக் கத்தி பட்ட தழும்பு மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை ஓடும். மாசி மாதம் வந்தால் காமன் கூத்தில் அவர்தான் ரதி. பன்னிரண்டு வருடமாக அந்த வேடத்தை வேறு யாருக்கும் கொடுக்கவில்லை. மன்மதன் எரிந்த பிறகு ரதி புலம்பும் புலம்பல், ஒலிபெருக்கி இல்லாமல், ஆற்றுக்கு அந்தப் பக்கத்து டிவிசனுக்குக் கேட்கும். மாஸ்டர் ஒருமுறை வந்து பார்த்துவிட்டு, “இது கத்தல், நடிப்பில்ல” என்றார். அப்பா கோபப்படவில்லை. என்னை வகுப்புக்கு அனுப்பும்போது ஒன்றே ஒன்று சொன்னார். “ஏறுறதுன்னா ஏறு. ஏறிட்டுக் கொரல முழுங்காத.”

என் கையெழுத்து நன்றாக இருக்கும். அதைக் கண்டுபிடித்த நாளிலிருந்து மாஸ்டரின் தொடர்கதைக்கு நகல் எடுக்கிற வேலை எனக்கு வந்தது. அவருடைய எழுத்து கோழி கிளறிய மாதிரி. அச்சுக்கூடத்துக்காரர்கள் திருப்பி அனுப்பிவிட்டார்களாம். ஒவ்வொரு வாரமும் தாள்களைக் கொடுத்து, “தங்கச்சி, ஒங்க எழுத்து அச்சு மாதிரி” என்பார். அந்த ஒரு வார்த்தைக்காக, அப்பா தூங்கிய பிறகு, நான் விறகு வெளிச்சத்தில் கண் எரிய எழுதினேன். கொப்பியில் ஒரு பிரதி, தனித்தாளில் ஒரு பிரதி. தாள் கொழும்புக்குப் போகும், கொப்பி அவரிடம் இருக்கும். முதல் நாடகத்தில் இரண்டு வரி பேசிய எனக்கு அடுத்த நாடகத்தில் கதாநாயகி வேடம் என்றும் சொல்லியிருந்தார். கொழுந்து பறித்து மரத்துப்போன விரலுக்குப் பேனை பிடிப்பது எவ்வளவு சுகம் என்பது பறித்தவர்களுக்குத்தான் தெரியும்.

அந்தக் காலத்தில்தான் விசாரணைக் கடிதங்கள் வரத் தொடங்கின. சுதந்திரம் வந்த கையோடு எங்கள் ஆட்களுக்கு வாக்கில்லை, நாடில்லை என்று சட்டம் செய்துவிட்டார்கள். பிரஜாவுரிமை வேண்டுமென்றால் மனுப் போட வேண்டும். இத்தனை வருடம் தொடர்ந்து இந்தத் தீவில் இருந்தோம் என்று காட்ட வேண்டும். இடையில் இந்தியாவுக்குப் போயிருந்தால் ஒரே தடவையில் பன்னிரண்டு மாதத்துக்கு மேல் தங்கியிருக்கக் கூடாது. அப்பாவும் மனுப் போட்டிருந்தார். அவர் மனு தேறினால் அம்மா, நான், தம்பி எல்லோருக்கும் சேர்த்துத் தேறும். விழுந்தால் எல்லோருக்கும் விழும். எங்கள் ஆட்களுக்கு உண்மையைப் பற்றிப் பயமில்லை, கேள்வியைப் பற்றித்தான் பயம். தொப்பி போட்டவர் எதிரில் உட்கார்ந்து பேர் கேட்டாலே பேர் மறந்துபோகும். பக்கத்து லயத்தில் ஒருவர், எப்போது பிறந்தாய் என்று கேட்டதற்கு, “தொரை சொல்ற தேதிதாங்க” என்று சொல்லி, அதனாலேயே மனு விழுந்து வீட்டுக்கு வந்திருந்தார்.

ஆகவே எங்கள் தொழிற்சங்கத்துத் தலைவரும் அப்பாவும் ஒரு யோசனை செய்தார்கள். பேசப் பழக்குவதுதானே மாஸ்டரின் வேலை, விசாரணைக்குப் போகிறவர்களுக்கும் பழக்கிவிடட்டுமே என்று. யோசனை நல்ல யோசனைதான். போன இடம்தான் தப்பு. கேட்டதும் மாஸ்டருக்கு முகம் மலர்ந்துவிட்டது. அடுத்த ஞாயிறே அவருடைய அப்பாவின் தொப்பியோடு வந்தார். ஊருக்குப் போன துரை ஒருவர் பெரிய கிளாக்கருக்குக் கொடுத்துவிட்டுப் போன தொப்பி. அதைத் தலையில் வைத்துக்கொண்டு மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, கால்மேல் கால் போட்டு, “அடுத்த ஆள்” என்று கூப்பிட்டார். அந்த வேடம் அவருக்கு ஒத்திகை இல்லாமலே வந்தது.

இரண்டு மாதம் அந்த வகுப்பு நடந்தது. சனங்கள் தலைக்கு எண்ணெய் வைத்து, வெளுத்த வேட்டி கட்டிக்கொண்டு வருவார்கள். புருசன் பேரைச் சொல்லாத பெண்கள்தான் பெரும் பாடு. விசாரணையில் அவர்களையும் கேட்பார்கள். உங்கள் கணவர் பெயர் என்ன என்றால், பெரியம்மா தரையைப் பார்ப்பாள், பிறகு சுவரில் மாட்டியிருந்த முருகன் படத்தைக் கையால் காட்டுவாள். “படத்தக் காட்டுனா ஆபீசர் எழுதிக்குவாரா? வாயத் தொறந்து சொல்லுங்க” என்று மாஸ்டர் மேசையைத் தட்டுவார். மூன்று ஞாயிறு கழித்து, முந்தானையால் வாயை மூடிக்கொண்டு, பெரியம்மா அந்தப் பேரைச் சொன்னாள். சொல்லிவிட்டு வெளியே போய் அழுதாள். அவளை யாரும் தேற்றக்கூடப் போகவில்லை, எல்லோரும் கைதட்டிக்கொண்டிருந்தோம். மாஸ்டர் கொப்பியை எடுத்துக் குறித்துக்கொண்டார். அது ஐந்தாம் அத்தியாயத்தில் சிரிப்புக் காட்சியாக வந்தது.

ஒவ்வொருவரையும் ஒத்திகைக்கு உட்கார வைக்கும் முன்னால் அவர் ஒரு விதி வைத்திருந்தார். “மொதல்ல எனக்கு உண்மையச் சொல்லுங்க. உண்மை தெரியாம உங்களுக்கு நான் வசனம் எழுத முடியாது.” டாக்டரிடம் சொல்வதைப்போல எல்லோரும் சொன்னார்கள். என் அப்பாவும் சொன்னார். நான் தேநீர்க் கோப்பையோடு பக்கத்தில் நின்றேன். உலக யுத்தம் நடந்த காலத்தில் அவருடைய தாய்க்குச் சுகமில்லை என்று ஊரிலிருந்து கடிதம் வந்தது. அப்பா தனியாகப் போனார். மூன்று வாரத்தில் முடிந்துவிடும் என்று வைத்தியர் சொன்ன உயிர் ஒரு வருடம் இழுத்துக்கொண்டிருந்தது. படுக்கையில் கிடந்தவளைக் கழுவித் துடைத்துச் சோறூட்ட வேறு பிள்ளை இல்லை. காரியம் முடித்துத் திரும்பி வரும்போது பதினாலு மாதம். மனுவில் ஒன்பது மாதம் என்று எழுதியிருந்தது. தோட்டத்துப் பழைய பேர்ப் புத்தகங்களைக் கறையான் தின்றுவிட்டதால் அதை மறுக்க ஒரு தாளும் இல்லை. மாஸ்டர் கேட்டுக்கொண்டே இருந்தார். அவர் கண் கலங்கியதை நான் பார்த்தேன். கலங்கிய கண்ணோடு பையில் கையை விட்டுக் கொப்பியை எடுத்ததையும் பார்த்தேன்.

பிறகு ஒத்திகை. “எத்தனை மாசம் இந்தியாவில இருந்தீங்க?” தொப்பியின் கீழிருந்து கேள்வி வரும். “ஒம்பது மாசங்க” என்று அப்பா கூத்துக் குரலில் சொல்வார். பள்ளிக்கூடத்துத் தகரம் அதிரும். “கொரலை எறக்குங்க. ஆபீசர் முன்னால ரதி வேசம் வேணாம். தலையக் குனிஞ்சு, பணிவா.” அப்பா பழகினார். பன்னிரண்டு வருடம் ரதியாக நின்ற மனிதருக்கு, ஆறு வாரத்தில், கையைக் கட்டித் தலையைக் குனிந்து முணுமுணுக்கக் கற்றுக்கொடுத்துவிட்டார் மாஸ்டர். மலையகத்துக்கு நாடகக் கலை தந்தவர் என்று இப்போது மேடையில் பேசுகிறவர்கள் அந்தப் பாடத்தையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

ஏழாம் அத்தியாயத்துக்கான தாள்கள் என்னிடம் வந்தன. கதாநாயகனின் தந்தை என்று ஒரு பாத்திரம். பேர் வேறு, தோட்டத்தின் பேர் வேறு. ஆனால் அவர் கவ்வாத்துக்காரர், இடது கையில் மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை தழும்பு, காமன் கூத்தில் பன்னிரண்டு வருடமாக ரதி. யுத்த காலத்தில் தாயைப் பார்க்கப் போய்ப் பதினாலு மாதம் தங்கியதையும், அதை விசாரணையில் ஒன்பது மாதம் என்று சொல்லப்போவதையும் மகனிடம் சொல்லி அழுகிறார். மாஸ்டர் எழுதியதிலேயே அந்த ஒரு அத்தியாயம்தான் நன்றாக இருந்தது. அவர் சொந்தமாக எதுவும் சேர்க்காததால் நன்றாக இருந்தது. நான் அதை அப்படியே நகல் எடுத்தேன். ஒரு வரியில்கூட என் பேனை நிற்கவில்லை. பதினாலு மாதம் என்ற இடம் வந்தபோது, எங்கள் அப்பா கதையில் வருகிறார் என்று எனக்குப் பெருமையாக இருந்தது. ‘மாதம்’ என்பது அடுத்த வரிக்குப் போகாமல் ஒரே வரியில் அழகாக உட்கார வேண்டுமென்று எழுத்தைக் கொஞ்சம் நெருக்கி எழுதினேன். மாஸ்டரை நான் எவ்வளவு இகழ்ந்தாலும், இந்த இடத்துக்கு வந்ததும் எனக்கு நாக்கு கசந்துபோகும்.

சனிக்கிழமை பீலிக்கரையில் அதை வாசித்தேன். யாரும் சிரிக்கவில்லை. “இதையெல்லாம் எதுக்குப் புள்ள பேப்பருல போட்டாரு?” என்றாள் பெரியம்மா. “கதைதானே பெரியம்மா” என்றேன், தோளைக் குலுக்கி, மாஸ்டர் கற்றுக்கொடுத்த மாதிரி. வீட்டில் அப்பா என்னை உட்கார வைத்து, அவருடைய தாய் சாகும் இடத்தை மட்டும் திரும்ப வாசிக்கச் சொன்னார். கண்ணை மூடிக் கேட்டார்.

ஒரு மாதம் கழித்து எங்களுக்கு விசாரணை வந்தது. அம்மாவும் நானும் தம்பியும் அப்பாவுக்குப் பின்னால் வாங்கில் உட்கார்ந்திருந்தோம். அறைக்கு வெளியே விறாந்தையில் எங்கள் தோட்டத்து ஆட்கள் முப்பது பேர் காத்திருந்தார்கள். அதிகாரி சிங்களவர், அமைதியான மனிதர். தலையில் தொப்பிகூட இல்லை. பக்கத்தில் தமிழில் சொல்வதற்கு ஒருவர் இருந்தார். அப்பா கையைக் கட்டி, தலையைக் குனிந்து, பணிவாகப் பதில் சொன்னார். அம்மா அப்பாவின் பேரை ஒரே மூச்சில் சொன்னாள். எத்தனை மாதம் இந்தியாவில் இருந்தாய் என்ற கேள்விக்கு, “ஒம்பது மாசங்க” என்று அப்பா முணுமுணுத்தார். எல்லாம் ஒத்திகை மாதிரியே நடந்தது. அப்போது அதிகாரி கோப்பிலிருந்து ஒரு மொட்டைக் கடிதத்தை எடுத்தார். அதோடு பத்திரிகையில் வெட்டிய துண்டும் குத்தியிருந்தது. யார் அனுப்பியது என்று இன்றுவரை தெரியாது. கூத்தில் ரதி வேடம் கிடைக்காதவனாக இருக்கலாம், மனு விழுந்த வயிற்றெரிச்சல்காரனாக இருக்கலாம். அதைத் தேடி நான் அலையவில்லை. வெட்டிக் கொடுக்கத் துண்டு செய்து வைத்தவர்களைத்தான் எனக்குத் தெரியுமே.

தமிழ்க்காரர் அதை உரக்க வாசித்தார். தழும்பு வந்தபோது அதிகாரி அப்பாவின் கையைப் பார்த்தார். தாய் சாகும் இடத்தை வாசித்தபோது அப்பா தலை நிமிர்ந்தார். “இது ஒரு கதை. இதில இருக்கிறது பொய் எண்டு நீங்க சொன்னா, ஆபீசர் அப்பிடியே எழுதிக்கொள்ளுவார்” என்றார் அந்தத் தமிழ்க்காரர். நல்ல மனிதர், கதவைத் திறந்து விட்டார். பொய் என்று ஒரு வார்த்தை போதும். எதிரில் நிற்பவர் கண்ணைப் பார்த்துச் சொல்ல வேண்டும், அவ்வளவுதான். அப்பா கட்டியிருந்த கையை அவிழ்த்தார். “எங்க ஆத்தா என் மடியில செத்துச்சுங்க. அதப் பொய்யின்னு நான் எப்படிங்க சொல்லுவேன்?” என்றார். அது முணுமுணுப்பில்லை. ரதியின் குரல். விறாந்தையில் இருந்த முப்பது பேரும் எழுந்து நின்றுவிட்டார்கள். அதிகாரி பேனையை எடுத்து எழுதினார்.

மனு விழுந்தது. கடிதம் வந்த அன்று நான் மாஸ்டரிடம் போனேன். அவர் ரோசாச் செடிகளுக்கு நடுவில் உட்கார்ந்து பதின்மூன்றாம் அத்தியாயம் எழுதிக்கொண்டிருந்தார். விசயத்தைச் சொன்னேன். கொஞ்ச நேரம் மலையைப் பார்த்தார். “நான் பேரை மாத்திட்டேனே தங்கச்சி” என்றார். அந்தத் தழும்பும் அந்த ரதியும் டிக்கோயா முழுக்க ஒருவருக்குத்தான் உண்டு என்பது அவருக்குத் தோன்றவே இல்லை. பேரைத் தவிர எங்களிடம் வேறு அடையாளம் இருக்கும் என்று அந்த மனிதர் நினைத்ததில்லை. பிறகு கலை, காலம் என்று என்னவோ சொன்னார். “ஒங்க அப்பா இந்த நாவல்ல சாகாம இருப்பாரு” என்றும் சொன்னார். கடைசியில், பதின்மூன்றாம் அத்தியாயத்தை வெள்ளிக்கிழமைக்குள் நகல் எடுத்துத் தர முடியுமா என்று கேட்டார். நான் தாள்களை வாங்கவில்லை. என் வாழ்க்கையில் நான் காட்டிய வீரம் அவ்வளவுதான், அதுவும் ஆறு அத்தியாயம் பிந்திப்போன வீரம்.

அந்த நாவல் புத்தகமாக வந்தது, பரிசு வாங்கியது. மாஸ்டர் கொழும்புக்குப் போனார். வானொலியில் வாலிபர் நாடகம், ஆசிரியர்களுக்கு நாடகப் பயிற்சி, வருடத்துக்கு ஒரு நாவல். எங்கள் அப்பாவின் கதையை மேடை நாடகமாகவும் போட்டார். அப்பாவாக நடித்தவர் கொழும்பு உத்தியோகத்தர் ஒருவர். எனக்கு ஒரு இலவசச் சீட்டு அனுப்பியிருந்தார். அதில் அடுப்பு மூட்டினேன். பிறகு வந்த நாவல்களில் சிறுத்தை திரும்பவும் வந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை வகுப்பு இல்லாமல்போனதும் அவரிடம் சரக்கு தீர்ந்துவிட்டது என்பதை எந்த விமர்சகரும் எழுதவில்லை. நான் அவருடைய எல்லாப் புத்தகத்தையும் வாசித்திருக்கிறேன். இகழ்வதென்றாலும் முழுசாகத் தெரிந்துகொண்டு இகழ வேண்டும் என்பது என் கொள்கை.

ராகலைப் பக்கத்தில் மனு தேறிய குடும்பம் ஒன்றில் எனக்குக் கல்யாணம் ஆனது. அறுபதுகளின் நடுவில் இலங்கை, இந்தியா இரண்டு நாட்டுப் பெரியவர்களும் உட்கார்ந்து எங்களைப் பங்கு பிரித்தார்கள். அப்பா இந்தியாவுக்கு எழுதிக் கொடுத்தார். அம்மாவும் தம்பியும் அவரோடு. தாயைத் தவிர அங்கே அவருக்கு யாரும் இருந்ததில்லை. அவளும் போய்ச் சேர்ந்துவிட்டாள். ஹட்டன் ஸ்டேசனில் ரயில் புறப்படும் முன், பெட்டி ஜன்னலில் தலையை நீட்டி, அத்தனை வருடமாகக் கேட்காத ஒன்றை அப்பா கேட்டார். “அந்தப் பாகத்த மாஸ்டர் எழுதையில ஒனக்குத் தெரியுமா புள்ள?” வீட்டுக்குள் ஒளித்து ஒளித்து எழுதிய நகல் அது. அவர் விடியலில் எழும் முன் மடித்து வைத்துவிடுவேன். நான் அவர் கண்ணைப் பார்த்தேன். “தெரியாதுப்பா. பேப்பருல வந்த பொறவுதான் தெரியும்” என்றேன். குரல் நடுங்கவில்லை, வயிற்றிலிருந்து வந்தது. மாஸ்டரிடம் படித்த பதினேழு பேரில் பாடத்தை ஒழுங்காகப் படித்தவள் நான்தான். அப்பா தலையை ஆட்டி, என் கன்னத்தைத் தடவினார். அவர் நம்பினாரா, நம்பியதாக நடித்தாரா என்று எனக்குத் தெரியாது. அவர் என்னைவிட நல்ல நடிகர். ஆறு வருடத்தில் அங்கே அவர் இறந்துபோன செய்தி கடிதத்தில் வந்தது.

போன மாதம் அந்தக் கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் இதையெல்லாம் நினைத்துக்கொண்டு நின்றேன். தொப்பிக்குக் கீழே விரித்து வைத்திருந்தது ஏழாம் அத்தியாயக் கொப்பிதான். ‘ஆசிரியரின் கையெழுத்துப் பிரதி’ என்று அட்டை. தாள் பழுத்திருந்தது, மை மங்கவில்லை. பக்கத்தின் நடுவில் நெருக்கி எழுதிய ‘பதினாலு மாதம்’, ஒரே வரியில். மேடையில் ஒருவர் ஒலிவாங்கியைச் சரிபார்த்துக்கொண்டிருந்தார். விருந்தாளிகளுக்குச் சுற்றிக் காட்ட நின்றிருந்த பல்கலைக்கழகத்துப் பிள்ளை என் பக்கத்தில் வந்தாள். “ஐயாவோட எழுத்தப் பாருங்கம்மா, அச்சு மாதிரி இருக்கு” என்றாள்.

அந்தப் பாராட்டு கிடைத்து ஐம்பது வருடத்துக்கு மேலாகிவிட்டது.

“அது ஐயா எழுத்து இல்லம்மா, என் எழுத்து” என்றேன். அவள் சிரித்தாள், கிழவி விளையாடுகிறாள் என்று நினைத்திருப்பாள். பிறகு என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினாள். கையில் பேனை வைத்திருந்தாள். அட்டையை மாற்றி என் பெயரைப் போடட்டுமா, நகல் எடுத்து உதவியவர் என்று போடலாமா என்று மரியாதையாகக் கேட்டாள்.

“போடுங்க. ஒதவுனேன்னு போடாதீங்க” என்றேன். “இதுல வர்ற மனுசன் எங்க அப்பா. அவரு பதினாலு மாசம் இருந்தாருன்னு மாஸ்டர் சொன்னாரு, எழுதிக் குடுத்தது நானு. அப்படிப் போடுங்க.”

நான் குரலை விழுங்கவில்லை. மண்டபத்தின் கடைசி வரிசையில் இருந்தவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள்.